பா-ஓ கைடு சர்வீஸ், தெற்கு ஷான்: கைடு சூப்பர், பேக்கேஜ் சுமார்

ரேட்டிங்க முதல்லயே சொல்லிடறேன், பொறுமை இல்லாதவங்க இதோட கிளம்பலாம். கைடுக்கு அஞ்சுக்கு அஞ்சு. காரு, படகு, சாப்பாடு எல்லாம் சேத்து மூணு. ரிசப்ஷன்ல குடுத்த கலர் பிரவுஷருக்கு ஒண்ணு, அதுவும் பேப்பர் வழவழன்னு இருந்ததுக்காக. போனது மியான்மரோட ஷான் மலை நாட்டுக்கு, கொரோனாவுக்கு முன்னாடி, நானும் மச்சானும். பா-ஓங்கறது அங்க இருக்கற ஒரு இனம். இப்ப போய் எதுக்கு ரிவ்யூன்னு கேப்பீங்க. மியான்மர்னாலே இன்லே ஏரி, கால்ல துடுப்பு போடற மீனவர் போட்டோ, அவ்ளோதான்னு முடிச்சுக்கறாங்க. அந்த மலை நாட்டுல வெள்ளக்காரன் காலத்துல முப்பதுக்கு மேல குட்டி குட்டி ராஜ்ஜியம் இருந்துச்சு, அந்த ஜனங்க இன்னும் அங்கயேதான் இருக்காங்க, அதப் பத்தித் தமிழ்ல தேடினா ஒண்ணும் பெருசா சிக்கல. அதான் எழுதிடலாம்னு.

கைடு பேரு, கம்பெனி பேரு எதையும் போடல. அங்க இப்ப இருக்கற நிலைமைல யார் பேரையும் வெளிய போடறது நல்லதில்ல.

மொத நாள் கூட்டிட்டுப் போனது ரிசப்ஷன்ல ஏற்பாடு பண்ணின சாதா கைடு. அவர் நல்ல மனுஷன்தான், ஆனா ஓட்டமா ஓட்டிட்டாரு. இன்லே ஏரிப் பக்கத்துல இருக்கற நியாங்ஷ்வே ஊருக்குள்ள, பழைய அரண்மனைக்குக் கூட்டிட்டுப் போய் "திஸ் இஸ் கிங்ஸ் பேலஸ், போட்டோ வெளியில எடுங்க, செருப்பக் கழட்டுங்க"ன்னு சொல்லி அரை மணி நேரத்துல வெளிய தள்ளிட்டாரு, ஏன்னா அடுத்து நெசவுக் கடைக்குப் போகணும், அங்க அவருக்குக் கமிஷன். ஆனா அந்தக் கட்டடம் அரை மணி நேரத்துல பாத்து முடிக்கற சமாச்சாரமே இல்லங்க. கீழ செங்கல், மேல தேக்கு, மாண்டலே அரண்மனை பாணியில அடுக்கடுக்கா கூரை. சர் சாவ் மாவுங்ங்கற சாவ்பா காலத்துல கட்டினது. சாவ்பான்னா ஷான் ராஜா, பர்மாக்காரங்க சாப்வாம்பாங்க. அவருக்கப்புறம் வந்த சாவ் ஷ்வே தைக்தான் 1948ல பர்மா சுதந்திரம் வாங்கினப்ப நாட்டோட முதல் ஜனாதிபதி. பதினாலு வருஷம் கழிச்சு, 1962 மார்ச் 2ஆம் தேதி ராணுவத் தளபதி நே வின் ஆட்சியப் புடிச்ச ராத்திரி, ரங்கூன்ல அவரோட வீட்டுக்கு ராணுவம் வந்து அவரப் புடிச்சிட்டுப் போச்சு, அந்தக் கலாட்டால அவரோட மகன் ஒருத்தன், சின்னப் பையன், சுடப்பட்டு செத்துட்டான். அவரும் அதே வருஷம் நவம்பர்ல ஜெயில்லயே செத்துப் போனாரு. அந்த அரண்மனைய ராணுவ ஆட்சி கொஞ்ச காலம் புத்தர் மியூசியம்னு பேர மாத்தி வெச்சிருந்துச்சு. இதுல ஒரு வார்த்தை மொத நாள் கைடு வாயில வரல. இதெல்லாம் அடுத்த நாள் வந்த பொண்ணு கார்ல சொன்னது, கொஞ்சம் நான் ரூமுக்கு வந்து படிச்சது.

அந்த அடுத்த நாள் பொண்ணுதான் இந்த ரிவ்யூக்கே காரணம்.

ஷான் மாநிலத் தலைநகர் தவுங்ஜிக்குத் தெக்க கக்குன்னு ஒரு இடம், நெருக்கமா கூட்டம் கூட்டமா ஸ்தூபி, 2,478ன்னு கணக்கு சொல்றாங்க. அங்க போகணும்னா பா-ஓ இன கைடு ஒருத்தர் கூட வந்தே ஆகணும், இது ரூல். நான் முதல்ல இது காசு புடுங்கற வேலைன்னுதான் நினைச்சேன். ஆயுதம் தூக்கின பா-ஓ தேசிய அமைப்பு 1991ல அரசாங்கத்தோட போர் நிறுத்தம் பண்ணிக்கிச்சு, அதுக்கப்புறம் அந்த ஏரியா அவங்க கையில, டூரிசமும் அவங்க கையில. அதனால தவுங்ஜில அவங்க ஆபீஸ்ல ஃபீஸ் கட்டினா ஒரு கைடு குடுப்பாங்க. எங்களுக்கு வந்த பொண்ணுக்கு இருபத்தஞ்சு வயசு இருக்கும், கருநீல ஜாக்கெட்டு, கருநீல லுங்கி, தலைல ஆரஞ்சு கட்டம் போட்ட தலப்பா, ஆபீஸ் யூனிஃபார்ம்னு நினைச்சேன், வழியில தோட்டத்துல வேலை செய்யற பொம்பளைங்களும் அதே தலப்பாதான் கட்டியிருந்தாங்க. அவங்க அம்மா ஒரு நாகப்பாம்பு, அப்பா ஒரு சித்தர், அந்த வம்சம்னு அவங்க ஐதீகம், தலப்பா நாகத்தோட தலையாம். மச்சான் உடனே "நம்மூர்ல கூட நாகாத்தம்மன் இருக்கு"ன்னு ஆரம்பிச்சான், நான் அடக்கிட்டேன்.

கார் ஏறினதும் அவ கேட்ட முதல் கேள்வி: "ஷான் ராஜா கதை கேக்க வந்தீங்களா, இல்ல எங்க கதை கேக்க வந்தீங்களா?" பிரவுஷர்ல "ஷான் மன்னர்களின் பூமி"ன்னு கொட்டை எழுத்துல போட்டிருந்தாங்க, நான் அதக் காட்டினேன். சிரிச்சிட்டு, நீங்க இன்னிக்கு நாள் பூரா பாக்கப் போற ஆளுங்கள்ல ஷான்காரங்க கொஞ்சம் பேர்தான்னா. அது நிஜம். ஏரில இருக்கறவங்க இந்தாங்கற இனம், மேக்க பிண்டயா பக்கம் தனு, தவுங்யோ இனங்க, தெக்கயும் கிழக்கயும் பா-ஓ. மேக்கால இருக்கற இந்த மேட்டு நிலத்துக்கு மியேலாட்னு பேரு, பர்மா சமவெளிக்கும் ஷான் மலைக்கும் நடுவுல இருக்கற பூமி. அங்கதான் ரொம்பக் குட்டி ராஜ்ஜியம் எல்லாம் கொத்தா இருந்துச்சு.

இங்க கொஞ்சம் நீளமா போறேன், ரிவ்யூ மட்டும் வேணும்னா அடுத்த ரெண்டு பத்தியத் தள்ளிடுங்க.

அந்த ராஜ்ஜியங்கள்ல மூணு கிரேடு. பெரியவரு சாவ்பா, அடுத்தவரு ம்யோசா, அதுக்கும் கீழ ங்வேகுன்மு, அதாவது வெள்ளியில கப்பம் கட்டற தலைவரு. மியேலாட்ல பெரும்பாலும் இந்த மூணாவது கிரேடுதான். கிழக்க தாய்லாந்துப் பக்கம் கெங்துங்னு ஒரே ராஜ்ஜியம் 12,000 சதுர மைல் சொச்சம், இங்க மியேலாட்ல நாம்தோக்னு ஒண்ணு சுமாரா 20 சதுர மைல். காலைல கஞ்சி குடிச்சிட்டுக் கிளம்பின ஆளு மத்தியானச் சாப்பாட்டுக்கு வெளிநாட்டுல இருப்பான். ஆனா அதுக்கும் ஒரு தலைவர், ஒரு வம்சம், ஒரு எல்லைத் தகராறு. வெள்ளக்காரன் 1887ல படையோட வந்து ஏரிக்கரைல மைங்தாக்ல ஃபோர்ட் ஸ்டெட்மன்னு ஒரு முகாம் போட்டான், 1894ல ஆபீஸ மலை மேல தவுங்ஜிக்குத் தூக்கிட்டுப் போனான், இந்தத் தலைவருங்களுக்கெல்லாம் ஆளுக்கொரு சனத், அதாவது உரிமைப் பத்திரம், எழுதிக் குடுத்தான், வரி ஒழுங்கா வந்தா போதும் மத்தத நீயே பாத்துக்கோன்னு. புதுக்கோட்டை சமஸ்தானம் மாதிரியான்னு மச்சான் கேட்டான். பாக்க அப்படித்தான் இருக்கும், ஆனா சட்டப்படி ஷான் ராஜ்ஜியங்கள் பிரிட்டிஷ் இந்தியாவுக்கு உள்ளயே சேர்த்தி, சமஸ்தானக் கணக்குல வராது. தெக்க ஒட்டினாப்ல இருக்கற கரென்னி நாடுதான் வெளிய நின்னுச்சு, 1875லயே மாண்டலே ராஜா மின்டோனும் பிரிட்டிஷும் அது தனி நாடுன்னு ஒத்துக்கிட்டதால. அப்புறம் 1922ல எல்லாத்தையும் சேத்து ஷான் ராஜ்ஜியக் கூட்டமைப்புன்னு ஒண்ணு பண்ணி அதிகாரத்துல பாதிய மேல எடுத்துக்கிட்டாங்க, ரொம்பப் பொடிசா இருந்த சிலதப் பக்கத்து ராஜ்ஜியத்தோட ஒட்டியும் விட்டாங்க.

கைடு பொண்ணு இதுல ஒரு விஷயம் சொன்னா, அது எனக்கு ரொம்பப் புடிச்சுது. 1947 பிப்ரவரி 12, பாங்லோங் ஒப்பந்தம், மலை நாட்டுத் தலைவருங்க பர்மாவோட சேந்து சுதந்திரம் வாங்க ஒத்துக்கிட்டது, அத எல்லாரும் சுதந்திரப் போராட்டத் தலைவர் ஆங் சான் போட்ட ஒப்பந்தம்னுதான் சொல்றாங்க. கீழ கையெழுத்துப் பட்டியலப் பாருங்கன்னா. ஜனாதிபதி ஆன நியாங்ஷ்வே சாவ்பா இருக்காரு, சரி. கூடவே மியேலாட்ல ஆங்பான் பக்கத்துல இருக்கற ஸாமோங்கம்ங்கற குட்டி ராஜ்ஜியத்துத் தலைவர் இருக்காரு. ஸதுங் சாவ்பாவோட பிரதிநிதி இருக்காரு, ஸதுங் பா-ஓ ராஜ்ஜியம், ஆண்டவங்களும் பா-ஓ வம்சம். தவுங்பெங் சாவ்பா பலாவுங் இனம். மோங்பான் சாவ்பா சாவ் சாம் துன் இருக்காரு, அவர் அஞ்சே மாசத்துல, ஜூலை 19ல ஆங் சானச் சுட்ட அதே அறையில குண்டடி பட்டு மறுநாள் செத்துட்டாரு. வருஷா வருஷம் தியாகிகள் நாள் வருதே, அதுல இவரும் ஒருத்தர். ஸதுங்னதும் அவ குரல்லயே ஒரு பெருமை. தெக்க கடலோரத்துல இருக்கற தத்தோன்ல இருந்து, பாகான் ராஜா அனவ்ரதா படையெடுத்தப்ப தப்பிச்சு மலைக்கு வந்தவங்க நாங்க, வந்த இடத்துக்கும் அந்தப் பேரையே வெச்சோம்னு அவங்க வழிவழியா சொல்ற கதை.

சரி, அப்ப சாவ்பா ஆட்சிய ரொம்ப நேசிக்கறாங்க போலன்னு நினைச்சு "ராஜாக்கள் இருந்திருந்தா நல்லா இருந்திருக்குமோ"ன்னு கேட்டேன். இல்லவே இல்லன்னுட்டா. அவங்க தாத்தா ராஜாவுக்கு வரியும் கட்டினாராம், அரண்மனை வேலைக்கும் ஆள் போகணுமாம், கூலி கிடையாது. சுதந்திரம் வந்த கையோட பா-ஓ விவசாயிங்க துப்பாக்கி தூக்கினதே சாவ்பாக்களுக்கு எதிராவும்தான். 1958 வரைக்கும் காட்டுல இருந்துட்டு அப்புறம் சரணடைஞ்சாங்க. அடுத்த வருஷம் 1959 ஏப்ரல் 29, தவுங்ஜில ஒரு விழா போட்டு சாவ்பாங்க எல்லாரும் ஆட்சி உரிமைய எழுதிக் குடுத்துட்டு நஷ்ட ஈட்டுத் தொகைய வாங்கிக்கிட்டாங்க. மூணு வருஷத்துல ராணுவம் வந்து அவங்கள்ல பல பேரப் புடிச்சு உள்ள வெச்சிருச்சு. வடக்க சிபோ சாவ்பா சாவ் ச்சா செங் அப்பக் காணாமப் போனவரு, பொணம் கூடக் கிடைக்கல. கெங்துங்ல அரண்மனையவே 1991ல இடிச்சுட்டாங்க, அந்த எடத்துல ஓட்டல் வந்துச்சு. இவ்வளவையும் சொல்லிட்டு அந்தப் பொண்ணு, ராஜாக்களுக்கு நடந்தது அநியாயம், ஆனா ராஜா திரும்பி வரணும்னு எங்கூர்ல எவனும் கேக்க மாட்டான்னா. ஷான் ராஜா டூர்னு காசு கட்டிட்டு இப்படி ஒரு கைடு கிடைச்சா அது போனஸ்ங்க. எல்லா இடத்துலயும் "கிரேட் கிங், கோல்டன் த்ரோன்"னே கேட்டுக் கேட்டு காது புளிச்சுப் போயிருந்துச்சு.

கக்கு பத்தி: போட்டோல பாக்கறதவிட நல்லா இருக்கு. காலைல சீக்கிரம் போங்க, டூர் பஸ் வர்றதுக்கு முன்னாடி. ஸ்தூபி உச்சிக் குடைல எல்லாம் சின்ன மணி, காத்து அடிச்சா சத்தம் வந்துக்கிட்டே இருக்கும். தங்கக் கலர்ல ஒரு பன்னி சிலை இருக்கு, கோயில் எங்க இருக்குன்னு பன்னிதான் காட்டிக் குடுத்துச்சாம். அசோகர் காலத்துதுன்னு ஐதீகம், பாக்கறது பெரும்பாலும் பிற்காலக் கட்டடம், சிமெண்ட் பூச்சு வேற அங்கங்க கண்ண உறுத்துது. மார்ச் பௌர்ணமிக்குத் திருவிழா, பா-ஓ ஜனங்க மாட்டு வண்டி கட்டிக்கிட்டு வருவாங்களாம், அப்பப் போகணும்னு ஆசைதான்.

சாப்பாடு கோயிலுக்கு எதிர்ல இருக்கற கடை, பேக்கேஜ்லயே சேர்த்தி. ஷான் டோஃபுன்னு குடுத்தாங்க, சோயா கிடையாது, நம்ம கடலை மாவு மாதிரி மாவுல காய்ச்சறது, சூடா கூழ் பதத்துல நூடுல்ஸ் மேல ஊத்தி தர்றாங்க, பிரமாதம், நான் ரெண்டாவது கிண்ணமும் வாங்கினேன். காய வெச்ச சோயா பீன்ஸ் வடை ஒண்ணு, புளிக்க வெச்சது, சுட்டு இடிச்சுத் தூவறாங்க, கருவாட்டு வாசம் புடிச்சவங்களுக்குப் புடிக்கும், மச்சான் மூக்கப் பொத்திக்கிட்டான். சைவம்னு முன்னாடியே அழுத்திச் சொல்லுங்க, இல்லேன்னா சூப்ல எலும்பு மிதக்கும்.

படகு டூர் தனி. இதுக்கும் பா-ஓ கைடு கட்டாயம், இந்த தடவ ஒரு பையன். இன்லே ஏரியோட தெக்கு முனையத் தாண்டி கால்வாய் வழியா சம்கான்னு ஒரு ஊர், அதுவும் ஒரு காலத்துல தனி ராஜ்ஜியம். போக மட்டும் மூணு மணி நேரம், இஞ்சின் சத்தத்துக்குக் காதுல பஞ்சு வெச்சுக்கணும், வெயிலுக்குக் குடை படகுக்காரரே வெச்சிருப்பாரு. காலைல பல்லு தந்தியடிக்கற குளிரு, திரும்பி வர்றப்ப மண்டையப் பொளக்கற வெயிலு, போர்வை தர்றோம்னு பேக்கேஜ்ல சொன்னது வரல, மூணு ஸ்டாருக்கு இது ஒரு காரணம். ஆனா போற வழி இருக்கே, கூட்டமே கிடையாது. லாவ்பிடா மின்சாரத் திட்டத்துக்குத் தண்ணி தேக்க தெக்க மோபைல அணை கட்டினாங்க, அந்தத் தண்ணி பின்னால ஏறி வந்து இங்க வயல், கிராமம் எல்லாத்தையும் முழுங்கிருச்சு. மழைக்காலத்துல ஸ்தூபிங்க இடுப்பளவு தண்ணில நிக்கும். பாக்க அழகா இருக்குன்னு நாங்க போட்டோ எடுத்துத் தள்ளிக்கிட்டு இருந்தோம், அந்தப் பையன் பாட்டுக்கு கைய நீட்டி அங்க ஒரு ஊர் இருந்துச்சு, இங்க ஒண்ணு இருந்துச்சுன்னு சொல்லிக்கிட்டே வந்தான், அப்புறம் மச்சான் கேமராவப் பைக்குள்ள வெச்சுட்டான். சந்தை நாள் பாத்துப் போங்க. அஞ்சு நாளைக்கு ஒரு தடவ ஊர் ஊரா சுத்தி வர்ற சந்தை, அந்தந்த ராஜ்ஜியம் போச்சு, சந்தை முறை மட்டும் நின்ன பாடில்ல. பூண்டு, உருளைக்கிழங்கு, சுருட்டு சுத்தற தனாபெட் இலை, இதுதான் பா-ஓக்காரங்க கொண்டு வர்ற சரக்கு. கடைசியா அரிசி சாராயம் காய்ச்சற வீட்டுக்குக் கூட்டிட்டுப் போனாங்க, ருசி பாக்க ஊத்தித் தருவாங்க, அதப் பத்தி மச்சான் தனி ரிவ்யூ எழுதுவான்.

பிண்டயா குகைக்கும் ஒரு நாள் போனோம், ஆயிரக்கணக்குல புத்தர் சிலை, வாசல்ல ராட்சச சிலந்தி சிலை, ஏழு ராஜகுமாரிங்கள அடைச்சு வெச்ச சிலந்திய நியாங்ஷ்வே இளவரசன் அம்பு விட்டுக் கொன்ன கதை. இது தனு மக்களோட ஊர். கைடு அங்க கட்டாயம் இல்ல, நாங்க எடுக்கல, எடுத்திருக்கலாம். பக்கத்துல யுவாங்கான் காப்பிக் கொட்டை வாங்கிட்டு வந்தோம், அது நல்ல சரக்கு.

இந்தப் பழைய ராஜ்ஜியம் எல்லாம் அப்படியே அழிஞ்சு போச்சான்னு கேட்டா, மேப்ப எடுத்துப் பாருங்க. 2008 அரசியல் சட்டத்துல பா-ஓ சுயாட்சிப் பகுதின்னு ஹோபோங், ஷிஷெங், பின்லாங் மூணு டவுன்ஷிப். தனு சுயாட்சிப் பகுதின்னு பிண்டயாவும் யுவாங்கானும். ஷிஷெங்தான் அந்த ஸதுங், பின்லாங் பழைய லோய்லோங், ஹோபோங் ஹோபோங்கேதான், பிண்டயாவும் யுவாங்கானும் பழைய பாங்தாரா, யெங்கான். ராஜா குடும்பத்த எடுத்துட்டு இனத்தோட பேர எழுதிட்டாங்க, ஊர் அதேதான். இத எங்களுக்கு அந்தப் பொண்ணு தவுங்ஜில டீக்கடை டிஷ்யூ பேப்பர்ல வரைஞ்சு காட்டினா. இத விளக்கி பிரவுஷர்ல ஒரே ஒரு மேப் போட்டிருந்தா ரெண்டு ஸ்டார் கூடக் குடுத்திருப்பேன்.

குறைன்னு பாத்தா ஷாப்பிங்தான். படகு எங்க திரும்பினாலும் வெள்ளிக் கடை, தாமரைத் தண்டு நூல் கடை, கழுத்துல பித்தளை வளையம் போட்ட பொம்பளைங்கள உக்கார வெச்சு போட்டோ எடுக்கச் சொல்ற கடை. அந்தக் கடைசி கடைக்குள்ள நாங்க போகவே இல்ல, அவங்க ஊர் கரென்னி மலைப் பக்கம், இங்க கூட்டத்துக்காகக் கொண்டு வந்து உக்கார வெச்சிருக்காங்க, பாக்கவே சங்கடமா இருந்துச்சு. பா-ஓ கைடுங்க ரெண்டு பேரும் கடைக்குக் கூப்பிடவே இல்லங்கறதையும் சொல்லணும், எல்லாம் படகுக்காரரும் கார்க்காரரும் பண்ற வேலை.

காசு: என்ட்ரி தனி, கைடு ஃபீஸ் தனி, கார் தனி, எல்லாம் சேத்தா தனியா போறவங்களுக்குக் கையக் கடிக்கும், நாலு பேரா போனா பரவால்ல. டிப்ஸ் கேக்க மாட்டாங்க, நீங்களா குடுங்க.

இப்பப் போகலாமான்னு கேட்டா, வேணாம். 2021 ராணுவப் புரட்சிக்கப்புறம் மோபை, பின்லாங் பக்கமெல்லாம் சண்டை, 2024 ஜனவரில ஷிஷெங் ஊருக்குள்ளயே சண்டை, பா-ஓ அமைப்புகளே ஆளுக்கொரு பக்கமா நின்னு சுட்டுக்கிட்டாங்க. 2025 மார்ச் 28 நிலநடுக்கத்துல ஏரில மரக்கால் வெச்ச வீடுங்க நிறைய சரிஞ்சு விழுந்துச்சு. அந்தப் பொண்ணுகிட்ட இருந்து வந்த கடைசி மெசேஜ்ல குடும்பத்தோட தவுங்ஜிக்கு வந்துட்டேன்னு இருந்துச்சு, அதுக்கப்புறம் நானும் நோண்டிக் கேக்கல.

நிலைமை சரியாகி யாராவது போனீங்கன்னா ஒரே வரிசைல பண்ணுங்க: முதல்ல தவுங்ஜி போய் பா-ஓ கைடோட கக்கு, அப்புறம் சந்தை நாள் பாத்து சம்கா, கடைசியாத்தான் நியாங்ஷ்வே அரண்மனை. நாங்க தலைகீழா போனோம், அரண்மனைல எதப் பாக்கணும்னே தெரியாம சுத்திட்டு வந்தோம். திங்கக்கெழமை மியூசியம் லீவு. படகு புக் பண்றப்ப கடை வேணாம்னு பில்லுலயே எழுதி வாங்கிக்கோங்க, வாயால சொன்னா தலையாட்டிட்டு நேரா வெள்ளிக் கடைக்குத்தான் விடுவாங்க.